இரண்டாவது கையெழுத்து

1404ஆம் ஆண்டு பர்கண்டிப் பிரபு பிலிப் இறந்தார். பிரெஞ்சு மன்னருக்குச் சித்தப்பா, பெரும் நிலப்பரப்பை ஆண்டவர். ஆனால் அவர் விட்டுப்போன சொத்தைவிடக் கடன் அதிகமாக இருக்குமோ என்று அவருடைய மனைவி மார்கரெட் அஞ்சினார். சவப்பேழையின்மேல் தன் இடுப்புப் பட்டையையும் பணப்பையையும் சாவிக்கொத்தையும் வைத்தார். கணவரின் அசையும் சொத்து எனக்கு வேண்டாம், அவருடைய கடனும் என்னுடையதல்ல என்பது அந்தச் செயலின் பொருள். அந்தக் காலத்துப் பிரெஞ்சு வழக்காற்றில் ஒரு விதவை இப்படிச் செய்யலாம். சாவியைக் கீழே வைத்துவிட்டால் கடன்காரர்கள் அவளைத் தொடர முடியாது.

புதுச்சேரியில் உட்கார்ந்துகொண்டு பர்கண்டிக்கு ஏன் போகிறேன் என்று கேட்கலாம். அந்தச் சாவிக்கொத்து கப்பலேறி இங்கும் வந்தது. 1664இல் பிரெஞ்சு இந்தியக் கம்பெனி தொடங்கப்பட்டபோது, கம்பெனியின் குடியிருப்புகளில் பாரிஸ் வழக்காற்றுச் சட்டமே செல்லும் என்று அரசாணை சொன்னது. 1674இல் கம்பெனி இங்கே காலூன்றியது. பின்னாளில் நெப்போலியனின் 1804 சிவில் சட்டம் பிரான்சில் வந்தது. 1819 ஜனவரி 6 ஆணையின் மூலம் அது புதுச்சேரியிலும் நடைமுறைக்கு வந்தது. விதவை சாவியைக் கீழே வைக்கும் உரிமை அதிலும் தொடர்ந்தது, சடங்காக அல்ல, நேர்மையான சொத்துப் பட்டியல் என்ற வடிவத்தில். கணவன் மனைவியின் பொதுச் சொத்தில் அவளுக்கு வந்து சேர்ந்தது எவ்வளவோ அவ்வளவுக்குத்தான் கடனிலும் அவள் பொறுப்பு; பட்டியல் எழுதி வைத்திருந்தால் போதும்.

அதே சட்டத்தின் 220ஆம் பிரிவை முதன்முறை படித்தபோது நான் சிரித்துவிட்டேன். திருமணமான பெண் கணவனின் அனுமதி இல்லாமல் ஒப்பந்தம் போட முடியாது என்பது அந்தச் சட்டத்தின் பொதுவிதி. வியாபாரம் செய்யும் பெண்ணுக்கு மட்டும் விலக்கு. தன் வியாபாரத்துக்காக அவள் தானே கடன்படலாம். ஆனால் யார் வியாபாரி? கணவனின் கடையில் நின்று கணவனின் சரக்கை விற்றுக்கொடுப்பவள் வியாபாரி அல்ல. தனியாகத் தொழில் நடத்துபவள் மட்டுமே வியாபாரி. நாள் முழுக்கக் கல்லாவில் உட்கார்ந்திருந்தாலும் கணவனின் கடை என்றால் அவள் கணக்கில் இல்லை. அவமானம்தான். ஆனால் அந்த அவமானத்துக்குள் ஒரு பாதுகாப்பும் இருந்தது. கடை திவாலானால் அவளைக் கேட்க முடியாது.

இந்தச் சட்டம் இங்கிருந்த தமிழ்ப் பெண்களில் பெரும்பாலோருக்குப் பொருந்தவில்லை. இந்தியர்களுக்கு அவரவர் சாதி, சமய வழக்கப்படியே நீதி என்று அந்த 1819 ஆணையே ஒதுக்கி வைத்தது. 1881க்குப் பிறகு தங்கள் சொந்தச் சட்டத்தைத் துறந்து பிரெஞ்சுச் சட்டத்தை ஏற்ற 'ரெனோன்சான்' குடும்பங்களுக்கு அது பொருந்தியது. 1963இல் இந்து வாரிசுச் சட்டம் புதுச்சேரிக்கு நீட்டிக்கப்பட்டபோதும் அவர்கள் அதற்கு வெளியே வைக்கப்பட்டார்கள். மற்றவர்களுக்குத் தர்ம சாத்திரத்திலிருந்து கிளைத்த வழக்காறு. அங்கே போய்ப் பார்த்தால் யாக்ஞவல்கியரும் ஏறக்குறைய இதையேதான் சொல்லியிருக்கிறார். கணவன் பட்ட கடனை மனைவி அடைக்க வேண்டியதில்லை. அவள் அடைக்க வேண்டியவை மூன்று மட்டும்: தானே ஒப்புக்கொண்ட கடன், தானே வாங்கிய கடன், கணவனோடு சேர்ந்து வாங்கிய கடன். ஆயர், கள் காய்ச்சுவோர், கூத்தாடுவோர், வண்ணார், வேடர் வீட்டுப் பெண்கள் வாங்கும் கடனுக்குக் கணவன் பொறுப்பு, ஏனென்றால் அந்த வீடுகளின் பிழைப்பே பெண்களின் உழைப்பில் நிற்கிறது என்றும் அவர் சொல்கிறார். உழைக்கும் சாதிப் பெண்களைப் பற்றிச் சாத்திரம் உண்மை பேசும் இடங்கள் குறைவு. இது அதில் ஒன்று.

இரண்டு மரபுகளும் பெண்ணைச் சொத்தின் உரிமையாளராக நினைக்கவில்லை, அதனால் கடனிலிருந்தும் விலக்கி வைத்தன. இரண்டிலும் ஒரு கதவு மட்டும் திறந்திருந்தது: கணவனோடு சேர்ந்து போடும் கையெழுத்து. பின்னால் வந்த கம்பெனிச் சட்டம் அந்தக் கதவு வழியாகத்தான் வீட்டுக்குள் வந்தது.

கம்பெனியின் கடன் யாருடைய கடன் என்ற கேள்வி இந்த ஊருக்குப் புதிதல்ல. ஆளுநர் துப்ளே கர்நாடகப் போர்களுக்குத் தன் சொந்தப் பணத்தைப் போட்டார், தன் பெயரை நம்பிப் பிறரையும் போட வைத்தார். 1754இல் அவர் திருப்பியழைக்கப்பட்ட பிறகு, அது உங்கள் செலவு, எங்களுடையது அல்ல என்று கம்பெனி கைவிரித்தது. வழக்காடிக்கொண்டே, கடன்காரர்கள் நெருக்க, 1763இல் பாரிசில் இறந்தார். அவருடைய மனைவி ழான், புதுச்சேரியில் பிறந்தவர், தமிழ் தெரிந்தவர், அதற்கு முன்பே 1756இல் இறந்துபோயிருந்தார். ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பில் தொடங்கி இன்றுவரை, துப்ளே செய்த தவறுகளில் பாதியை ழானின் கணக்கில் எழுதுவது வழக்கமாகிவிட்டது. கம்பெனிக் கணக்கில் அவருக்குக் கையெழுத்துப் போடும் இடம் எதுவும் இருக்கவில்லை. பழி மட்டும் பங்கு பிரித்துக் கொடுக்கப்பட்டது.

இப்போது லண்டனுக்குப் போக வேண்டும். கம்பெனி வேறு, அதை நடத்தும் மனிதர் வேறு, கம்பெனியின் கடனுக்கு மனிதரின் வீட்டைத் தொட முடியாது என்ற கோட்பாட்டைச் சட்டம் படிக்கும் எல்லாரும் சாலமன் வழக்கிலிருந்துதான் கற்கிறார்கள். ஏரன் சாலமன் பூட்ஸ் தயாரிப்பாளர். 1892இல் தன் தொழிலைக் கம்பெனியாக மாற்றினார். கம்பெனி தொடங்கக் குறைந்தது 7 பேர் வேண்டும் என்றது சட்டம். அவர் 20,001 பங்குகள் வைத்துக்கொண்டு மனைவிக்கு 1, மகளுக்கு 1, நான்கு மகன்களுக்கு ஆளுக்கு 1 கொடுத்தார். கம்பெனி நொடித்தது. 1896இல் பிரபுக்கள் சபை, கம்பெனியின் கடன் சாலமனின் கடன் அல்ல என்று தீர்ப்பளித்தது. உலக முதலாளித்துவத்தின் முக்கியமான தீர்ப்புகளில் ஒன்று, ஒரு மனைவியும் ஒரு மகளும் தலைக்கு ஒரு பங்கோடு எண்ணிக்கையை நிரப்பியதால் சாத்தியமானது. நான் படித்த எந்தச் சட்டப் புத்தகத்திலும் அந்த மனைவியின் பெயர் இல்லை. 'மனைவி' என்றுதான் இருக்கிறது.

இந்தியாவின் 1956 கம்பெனிச் சட்டம் 7 பேரைக் கேட்கவில்லை. தனியார் கம்பெனிக்கு 2 பேர் போதும் என்றது. இரண்டாவது ஆள் யார் என்று குடும்பங்கள் அதிகம் யோசிக்கவில்லை. அண்ணன் தம்பி என்றால் நாளை பாகம் கேட்பார்கள். மனைவி கேட்கமாட்டாள்.

புதுச்சேரியில் இதற்கு ஒரு காலப் பொருத்தமும் உண்டு. 1962 ஆகஸ்ட் 16 அன்று சட்டப்படி இந்தியாவோடு இணைந்தோம். 1963 ஏப்ரல் 1 முதல் இந்திய வருமான வரிச் சட்டம் இங்கே வந்தது. 1974இல் பிப்டிக் தொடங்கியது. தட்டாஞ்சாவடி, மேட்டுப்பாளையம், சேதராப்பட்டு என்று தொழிற்பேட்டைகள் எழுந்தன. வரிச் சலுகையை நாடிச் சென்னையிலிருந்தும் சிறு தொழில்கள் வந்தன. அந்தக் கம்பெனிகளின் பெயர்ப் பலகைகளைப் பார்த்தாலே தெரியும்: பாதிக்கு மேல் சாமி பெயர், மீதி மகள் பெயர் அல்லது மனைவி பெயர். உள்ளே பதிவேட்டில் இரண்டாவது இயக்குநராகவும் அவர்களே இருந்தார்கள்.

அப்படி ஓர் இரண்டாவது இயக்குநரை எனக்குத் தெரியும். முத்தியால்பேட்டையில் வசிப்பவர், என்னைவிடப் பத்து வயது மூத்தவர், அக்கா என்றுதான் கூப்பிடுவேன். கணவர் 1994இல் பிளாஸ்டிக் டப்பாக்கள் செய்யும் சிறிய கம்பெனி ஒன்றைத் தொடங்கினார். 2013இல் மாரடைப்பில் போய்விட்டார். கம்பெனியும் அதோடு நின்றது. நான்கு ஆண்டுகள் கழித்து அக்கா பெயருக்கு ஒரு நோட்டீஸ் வந்தது. கம்பெனி கட்டாத பழைய வரியையும் வட்டியையும் அவர் கட்ட வேண்டும்; இல்லையென்றால் அவருடைய வீடு ஜப்தியாகும். வீடு அவருடைய அம்மா அவருக்கு எழுதிக் கொடுத்தது. கணவரின் பணம் அதில் ஒரு செங்கல்லுக்கும் போகவில்லை.

நான் வரலாறு படித்தவள், சட்டம் படித்தவள் அல்ல. ஆனாலும் பழைய காகிதங்களைப் படிக்கத் தெரிந்தவள் என்பதால் அவர் என்னிடம் கொண்டுவந்தார். கேட்ட முதல் கேள்வி, "எம் பேரு இதுல எப்படிம்மா வந்துச்சு?"

"நீங்க கையெழுத்துப் போட்டிருக்கீங்களேக்கா."

"போட்டேன். ராத்திரி சாப்பிட்டு முடிச்சதும் ஃபைலை எடுத்துட்டு வருவாரு. ஆடிட்டர் பென்சில்ல புள்ளி வச்சு அனுப்பியிருப்பாரு. புள்ளி இருக்கிற எடத்துல எல்லாம் போடுவேன். படிச்சதில்ல. படிக்கச் சொல்லி அவரும் சொன்னதில்ல."

கம்பெனியின் கூட்டக் குறிப்பேடு அவர் வீட்டுப் பரணில் இருந்தது. இயக்குநர்கள் மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது கூட வேண்டும் என்பது சட்டம். 19 ஆண்டுகளில் 76 கூட்டங்கள். எல்லாவற்றிலும் அக்கா 'கலந்துகொண்டார்'. பல தீர்மானங்களை 'வழிமொழிந்தார்'. ஒரு கூட்டம் நடந்ததாக எழுதியிருந்த நாளில் அவர் மகளின் பிரசவத்துக்காக ஜிப்மரில் இருந்தார். ஆவணங்களில் பெண் இல்லாத இடத்தைத் தேடிப் பழகியவள் நான். இந்தக் குறிப்பேட்டில் பக்கத்துக்குப் பக்கம் ஒரு பெண் இருந்தாள், கூட்டம் நடந்த அறையில்தான் இல்லை.

நோட்டீசுக்குப் பின்னால் இருந்தது 1961 வருமான வரிச் சட்டத்தின் 179ஆம் பிரிவு. தனியார் கம்பெனியின் வரியைக் கம்பெனியிடமிருந்து வசூலிக்க முடியாமல் போனால், அந்த வரி எந்த ஆண்டுக்கு உரியதோ அந்த ஆண்டில் இயக்குநராக இருந்த ஒவ்வொருவரும் சேர்ந்தும் தனித்தனியாகவும் பொறுப்பு. தனித்தனியாக என்றால் பாதிப் பாதி அல்ல. ஒருவர் இல்லாவிட்டால் மற்றவரிடம் முழுத் தொகையையும் கேட்கலாம். முதலில் இது மூடப்பட்டுக் கலைக்கப்பட்ட கம்பெனிகளுக்கு மட்டும் என்றுதான் இருந்தது. 1975 திருத்தம் அந்த வரம்பை எடுத்துவிட்டது. சாலமன் எழுப்பிய சுவரில் அரசு தனக்காக வைத்துக்கொண்ட வாசல் இது.

வாசலுக்கு ஒரு தாழ்ப்பாளும் உண்டு. வசூலாகாமல் போனதற்குத் தன்னுடைய கடும் அலட்சியமோ முறைகேடோ கடமை தவறியதோ காரணமில்லை என்று இயக்குநர் நிரூபித்தால் தப்பலாம். நிரூபிக்க வேண்டியது அவர். இங்கேதான் நான் பல நாள் மாட்டிக்கொண்டு நின்றேன். அக்கா என்ன சொல்ல முடியும்? எனக்கு எதுவும் தெரியாது, நான் கூட்டத்துக்கே போனதில்லை என்பதுதான் உண்மை. ஆனால் 19 ஆண்டுகள் இயக்குநராக இருந்துவிட்டு எதுவும் தெரியாது என்பதே அலட்சியம் இல்லையா என்று எதிர்த்தரப்பு கேட்கலாம். கூட்டத்துக்குப் போனேன் என்று சொன்னால் எல்லாம் தெரிந்தே நடந்தது என்றாகும். அறியாமை அவருக்கு வாதமாகவும் குற்றச்சாட்டாகவும் ஒரே நேரத்தில் இருந்தது. கணவர் தொழில் பேசும்போது குறுக்கே பேசாதே என்று ஒரு பெண்ணைப் பழக்கிவிட்டு, ஏன் கேட்கவில்லை என்று பிறகு அவளிடமே விளக்கம் கேட்கிறோம்.

காசோலை திரும்பிய வழக்குகளில் நிலைமை வேறு. 2005இல் நீட்டா பல்லா என்ற பெண் இயக்குநர் தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம், வெறுமனே இயக்குநர் என்பதாலேயே ஒருவரைக் குற்றவாளி ஆக்க முடியாது, சம்பவ காலத்தில் கம்பெனி நடவடிக்கைகளுக்குப் பொறுப்பில் இருந்தார் என்று புகாரிலேயே குறிப்பாகச் சொல்ல வேண்டும் என்றது. அது தண்டனைச் சட்டத்தின் கண்டிப்பு. வரி வசூலில் அந்தச் சலுகை இல்லை. சுமை இடம் மாறி இயக்குநரின் தோளில் உட்கார்ந்துகொள்கிறது. ஆனாலும் வேறொரு பிடி இருக்கிறது. கம்பெனியிடமிருந்து வசூலிக்க என்னென்ன செய்தோம், ஏன் முடியவில்லை என்று வரித்துறை முதலில் காட்ட வேண்டும், அது இல்லாமல் இயக்குநரிடம் வர முடியாது என்று உயர் நீதிமன்றங்கள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. அக்காவின் பதிலை அதை வைத்துத்தான் வழக்கறிஞர் எழுதினார். கம்பெனியின் இயந்திரங்கள் பூட்டிய கொட்டகையில் அப்படியே கிடந்தன. அவற்றை யாரும் போய்ப் பார்க்கவில்லை.

வசூல் விதிகளைப் படிப்பது ஒரு சமூகத்தின் வீட்டுக்குள் எட்டிப் பார்ப்பது மாதிரி. 1973 ஜூன் 1க்குப் பிறகு ஒருவர் தக்க விலை வாங்காமல் மனைவிக்கோ மருமகளுக்கோ மாற்றிய சொத்து, அவருடைய வரிப் பாக்கிக்காக இன்னும் அவருடையதாகவே கருதப்படும். மகன் பெயரை விட்டுவிட்டு மருமகளைக் குறிப்பாகச் சொல்கிறது சட்டம். குடும்பங்கள் சொத்தை எங்கே ஒளித்துவைக்கும் என்று அதற்குத் தெரிந்திருக்கிறது. கூட்டு வங்கிக் கணக்கில் யார் எவ்வளவு போட்டார்கள் என்று நிரூபிக்கும்வரை இருவருக்கும் சமபங்கு. வீட்டு வேலைக்குச் சமமதிப்புக் கேட்டு நாம் எத்தனை காலம் போராடுகிறோம்! வசூல் அதிகாரியின் கண்ணுக்கு மட்டும் கணவனும் மனைவியும் சமம்.

அதே சட்டத்தின் இரண்டாம் அட்டவணையில் 81ஆம் விதி, வரிப் பாக்கிக்காகப் பெண்ணைக் கைது செய்து சிறையில் வைக்கக் கூடாது என்கிறது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 56ஆம் பிரிவும் அதையேதான் சொல்கிறது. 60ஆம் பிரிவில் ஜப்தி செய்யக் கூடாதவற்றின் பட்டியல் இருக்கிறது: உடுத்தும் துணி, சமையல் பாத்திரம், கட்டில், படுக்கை, சமய வழக்கப்படி ஒரு பெண் கழற்றக் கூடாத நகை. தாலிதான் அது. கணவரோ இறந்துவிட்டார். தாலி இப்போது வெறும் தங்கம், ஜப்திக்கு உரியது. இதை வழக்கறிஞர் சாதாரணமாகத்தான் சொன்னார். அக்கா ஒன்றும் சொல்லாமல் குறித்துக்கொண்டார்.

இந்த இடத்தில் நிறுத்தியிருந்தால், இயக்குநரின் தனிப்பட்ட பொறுப்பே அநியாயம் என்ற முடிவுக்கு நான் எளிதாக வந்திருப்பேன். வரவில்லை. காரணம் இன்னொரு பெண். அந்தக் கம்பெனியில் டப்பா மூடிகளைத் தரம் பிரித்து அடுக்கும் வேலையில் 11 ஆண்டுகள் இருந்தவர். சம்பளத்தில் மாதாமாதம் 12 சதவீதம் வருங்கால வைப்பு நிதிக்கு என்று பிடித்திருந்தார்கள். கடைசி இரண்டு ஆண்டுகளுக்குப் பிடித்த பணம் கணக்கில் ஏறவே இல்லை. 1952 சட்டப்படி இந்தப் பாக்கிக்கு மற்றெல்லாக் கடன்களுக்கும் முன்னுரிமை. முதலில் நிறுவனத்தின் சொத்தை ஜப்தி செய்ய வேண்டும், போதாவிட்டால் முதலாளியின் சொத்தை. முதலாளி என்றால் கம்பெனியா, அதன் இயக்குநரா என்பதில் வழக்குகள் நடந்துகொண்டே இருக்கின்றன. அந்தப் பெண்ணுக்கு அந்தக் குழப்பம் எதுவும் இல்லை. அவர் நேராக அக்கா வீட்டு வாசலில் வந்து நின்றார். "நீங்கதானம்மா ஓனரு" என்றார்.

கம்பெனி ஒரு தனி நபர், அதன் கடன் அதனோடு போயிற்று என்ற சாலமன் கோட்பாட்டை அந்த வாசலில் நின்று சொல்லிப் பாருங்கள். தொழிற்பேட்டைகளில் அடுக்குவது, ஒட்டுவது, தைப்பது எல்லாம் பெரும்பாலும் பெண்களின் வேலை. கம்பெனிகள் பூட்டிக்கொண்டு போகும்போது முதலில் தொலைவது அவர்களுடைய பணம். அவர்களுக்கு மிஞ்சியிருக்கும் வழி யாரோ ஒரு மனிதரின் வீட்டைத் தொடும் அந்த அதிகாரம்தான். அந்த வீடு சில நேரங்களில் எதுவும் அறியாத இன்னொரு பெண்ணின் வீடாக இருந்துவிடுகிறது. பொறுப்பைக் கைவிடச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. யார் உண்மையில் நடத்தினார்களோ அவர்களைத் தேடும் உழைப்பை வசூல் அலுவலகங்கள் செய்ய வேண்டும் என்றுதான் சொல்வேன். குறிப்பேட்டில் யார் பெயர் இருக்கிறது என்பதோடு நின்றுவிடாமல், வங்கிக்குப் போனது யார், சம்பளப் பட்டியலில் ஒப்பமிட்டது யார், சரக்குக்கு விலை பேசியது யார் என்று கேட்கலாம். இது ஒன்றும் கடினமான வரலாற்று ஆராய்ச்சி அல்ல. அந்த மூடி அடுக்கிய பெண்ணிடம் கேட்டாலே பத்து நிமிடத்தில் தெரிந்துவிடும்.

2013 கம்பெனிச் சட்டம் சில கதவுகளைத் திறந்தது. ஒருவரே கம்பெனி நடத்தலாம் என்றது. ஆனால் அவருக்குப் பின் பொறுப்பேற்க ஒருவரை நியமித்து அவர் ஒப்புதலையும் வாங்க வேண்டும். பென்சில் புள்ளி இப்போது அந்தப் படிவத்துக்கு இடம் மாறியிருக்கிறது. பெரிய கம்பெனிகளில் ஒரு பெண்ணாவது இயக்குநராக இருக்க வேண்டும் என்றும் சொன்னது. அதைச் சாதனை என்று எழுதியவர்கள் பலர். ஏற்கெனவே லட்சக்கணக்கான சிறு கம்பெனிகளில் பெண்கள் இயக்குநர்களாக இருந்ததை அவர்கள் பார்க்கவில்லை.

இவற்றைவிட நான் முக்கியமாக நினைப்பது 168ஆம் பிரிவு. சாதாரண இயக்குநர் ஒருவர் எப்படி விலகுவது என்று 1956 சட்டம் தெளிவாகச் சொல்லவே இல்லை. உள்ளே வரப் படிவம் இருந்தது, வெளியே போக இல்லை. இப்போது எழுத்தில் அறிவித்தால் போதும். கம்பெனி அதைப் பதிவாளருக்குத் தெரிவிக்காது என்று சந்தேகம் இருந்தால் காரணத்தோடு தாமே ஒரு பிரதியைப் பதிவாளருக்கு அனுப்பலாம். கணவரின் சம்மதம் தேவையில்லை. ஆனால் இருந்த காலத்துக்கான பொறுப்பு விலகிய பிறகும் தொடரும். அதனால் தேதி முக்கியம், அனுப்பியதற்கான அத்தாட்சி முக்கியம். இயக்குநர் எண் தங்களுக்கு இருக்கிறதா என்பதே தெரியாத பெண்கள் என் தெருவிலேயே இருக்கிறார்கள். ஆடிட்டரிடம் கேட்டால் சொல்வார், சொல்ல வேண்டும்.

அக்காவின் மேல்முறையீடு இன்னும் முடியவில்லை. இயந்திரங்களை மதிப்பிட ஆள் வந்து போனார்கள். இரும்பு விலைக்குத்தான் போகும் என்றார்கள். அந்தப் பணம் வந்தால் வைப்பு நிதிப் பாக்கிக்குத்தான் முதலில் போக வேண்டும் என்று அக்கா வழக்கறிஞரிடம் எழுதிக் கொடுத்திருக்கிறார். சட்டப்படியும் அதுதான் வரிசை. அந்தக் காகிதத்தில் பென்சில் புள்ளி எதுவும் இல்லை. இரண்டு முறை படித்துவிட்டு, ஒரு வரியை அடித்துத் திருத்தச் சொல்லிவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டார்.